விளைவிப்பவன் பெறும் விலை: கானா நாட்டின் பொருளாதார அனுபவம்



ஏழை நாடுகளின் பொருளாதார அபிவிருத்தியைப் பற்றிப் பேசுமாறு இச்சபையினர் என்னைப் பணித்தபோது, உலகத்து வறிய தேசங்களையெல்லாம் ஒரே மூச்சில் அளந்து பார்த்து எல்லாவற்றுக்கும் பொருந்துவதாகத் தோன்றும் பொது விதிகள் சிலவற்றைச் சொல்லிவிட்டுப் போவதைக் காட்டிலும், ஒரே ஒரு நாட்டை எடுத்துக்கொண்டு அது நடந்து வந்த பாதையைப் பொறுமையோடு பின்தொடர்ந்து பார்ப்பதே பயனுடையதாகும் என்று எனக்குத் தோன்றிற்று. அவ்வாறு நான் தேர்ந்துகொண்டது மேற்கு ஆப்பிரிக்காவிலுள்ள கானா. பொன் கடற்கரை என்ற பெயரோடு பிரிட்டிஷாரின் ஆளுகையில் இருந்த அந்நாடு, மேற்கு ஆப்பிரிக்காவில் அவர்களுடைய காலனிகளுள் முதலாவதாக, 1957 மார்ச் 6-ஆம் தேதி விடுதலை பெற்றது.

விடுதலை நாளன்று அந்நாட்டின் நிலை பிற நாடுகள் பொறாமை கொள்ளத்தக்கதாக இருந்தது. அந்நியச் செலாவணிச் சேமிப்பாக ஏறக்குறைய 20 கோடி பவுன் அதன் கணக்கில் இருந்தது. உலகத்தில் மிக அதிகமாகக் கோகோ விளைவிக்கும் நாடு அதுவே. மண்ணுக்கடியில் தங்கமும் மாங்கனீசும் பாக்சைட்டும், மண்ணுக்கு மேலே விலையுயர்ந்த வனமரங்களும் இருந்தன. ஆசிரியர்களும் வழக்கறிஞர்களும் நிர்வாகப் பயிற்சி பெற்ற அதிகாரிகளும் இருந்தார்கள். கண்டம் முழுவதும் போற்றிய குவாமே நிக்ருமா தலைவராக இருந்தார். இருபத்தாறு ஆண்டுகள் கழித்து, 1983-ல், அதே நாட்டு ஜனங்கள் உண்ண உணவின்றி மெலிந்து, கழுத்தடியில் துருத்தி நின்ற காறையெலும்புகளுக்கு அன்றைய ஆட்சித் தலைவரின் பெயரைச் சூட்டி ‘ராலிங்ஸ் மாலை’ என்று அழைத்தார்கள். இடையில் அந்நியப் படையெடுப்பும் நிகழவில்லை. நாட்டைப் பிளந்த பெரும் உள்நாட்டுப் போரும் நிகழவில்லை. இத்தனை செல்வத்தோடு புறப்பட்ட நாடு இந்த நிலையை எவ்வாறு அடைந்தது என்பதே இன்று நாம் ஆராய வேண்டிய விஷயம். வறட்சி, ஊழல், ராணுவப் புரட்சிகள், உலகச் சந்தையின் ஏற்ற இறக்கம் என்று காரணங்கள் பல கூறப்படுகின்றன. அவற்றில் எதையும் நான் மறுக்கவில்லை. ஆயினும் அவற்றுக்கெல்லாம் அடியில் ஒரு காரணம் இருந்ததென்பதும், நாட்டின் செல்வத்தை உண்டாக்கியவன் அதற்குரிய விலையைத் தொடர்ந்து இழந்து வந்ததே அந்தக் காரணம் என்பதும் என்னுடைய அபிப்பிராயம்.

அந்தச் செல்வம் எப்படி உண்டாயிற்று என்பதை முதலில் பார்க்க வேண்டும். கோகோ ஆப்பிரிக்காவின் சுதேசப் பயிர் அன்று, அமெரிக்கக் கண்டத்துக்குரியது. பெர்னாண்டோ போ தீவில் வேலை செய்துவிட்டுத் திரும்பிய தெத்தே குவார்ஷி என்ற கொல்லர், 1870-களின் இறுதியில் கோகோ விதைகளைக் கொண்டுவந்து மாம்போங் என்னும் ஊரில் பயிரிட்டார் என்பது அந்நாட்டார் போற்றிச் சொல்லும் வரலாறு. 1891-ல் ஏற்றுமதியானது வெறும் 80 ராத்தல்; இருபதே ஆண்டுகளில், 1911 வாக்கில், அது சுமார் 40,000 டன்னாகப் பெருகி, உலகத்தின் முதலிடத்தை அந்நாடு அடைந்தது. இந்த அதிசயத்தைச் செய்தவர்கள் ஐரோப்பியத் தோட்ட முதலாளிகள் அல்லர். பெரும்பாலும் எழுத்தறியாத ஆப்பிரிக்கக் குடியானவர்களே.

பாலி ஹில் என்ற ஆங்கிலப் பொருளாதார அறிஞர் இந்த விவசாயிகளின் வரலாற்றைக் கிராமம் கிராமமாகச் சென்று விசாரித்து 1963-ல் ஒரு நூலாக வெளியிட்டார். பழைய ஆராய்ச்சிகளுள் என் மனத்தில் மிக ஆழமாகப் பதிந்தது அது. பாமாயிலும் ரப்பரும் விற்றுச் சேர்த்த பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அக்வாபிம் மலைப்பகுதியிலிருந்தும் குரோபோ நாட்டிலிருந்தும் புறப்பட்ட குடும்பங்கள், மனித சஞ்சாரம் குறைந்த காடுகளில் நிலத்தை விலைக்கு வாங்கின. தனியாக வாங்க முடியாதவர்கள் கூட்டாகச் சேர்ந்து, வாங்கிய நிலத்தைக் கயிறு பிடித்து அளந்து, அவரவர் கொடுத்த பணத்துக்கு ஏற்பப் பட்டை பட்டையாகப் பிரித்துக்கொண்டார்கள். மரம் காய்க்கச் சில ஆண்டுகள் ஆகும் என்பதை அறிந்தே முதல் போட்டார்கள். முதல் தோட்டத்தின் வருமானத்தைக் கொண்டு இரண்டாவது நிலத்தை வாங்கினார்கள். விளைச்சலைக் கொண்டு செல்ல வழியில்லாத இடங்களில் ஆற்றின் குறுக்கே தங்கள் செலவிலேயே பாலம் கட்டினார்கள். எதிர்கால லாபத்தை எண்ணி இன்றைய நுகர்வை ஒத்திப்போடுவதும், துணிந்து முதலீடு செய்வதும், பிறரோடு கூடித் தொழில் நடத்துவதும் முதலாளித்துவத்தின் லக்ஷணங்கள் என்றால், இந்தக் குடியானவர்கள் எல்லோரும் தேர்ந்த முதலாளிகளே. ஏழை நாட்டில் சேமிக்கத் தெரிந்தவர் இல்லை, துணிவுள்ள தொழில் முனைவோர் இல்லை, ஆகையால் சர்க்கார்தான் எல்லாவற்றையும் செய்தாக வேண்டும் என்று நூல்கள் எழுதப்பட்டுக்கொண்டிருந்த அதே காலத்தில், அந்நாட்டுக் காட்டோரங்களில் லக்ஷக்கணக்கான தொழில் முனைவோர் மண்வெட்டியோடு நின்றுகொண்டிருந்தார்கள்.

இவர்கள் தங்கள் பலத்தை அறியாதவர்களும் அல்லர். 1937-ல் ஐரோப்பிய வணிக நிறுவனங்கள் தங்களுக்குள் போட்டியைத் தவிர்த்து, குறைந்த விலையில் கோகோவை வாங்க ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டபோது, விவசாயிகள் விளைச்சலை விற்க மறுத்தார்கள். அந்நிறுவனங்களின் சரக்குகளையும் பகிஷ்கரித்தார்கள். அடுத்த ஆண்டு ஏப்ரல் வரையில் நீடித்த அந்தப் போராட்டம் லண்டனிலிருந்து ஒரு விசாரணைக் கமிஷன் வந்த பின்னரே முடிவுக்கு வந்தது. பிறகு உலகப் போர் மூண்டது. கோகோ முழுவதையும் பிரிட்டிஷ் சர்க்காரே வாங்கிக்கொண்டது. போர் முடிந்து 1947-ல் கோகோ விற்பனை வாரியம் நிரந்தர ஸ்தாபனமாக ஏற்பட்டது.

வாரியத்தின் நோக்கம் மிக நல்லது. கோகோவின் உலக விலை ஓராண்டு வானத்துக்கும் மறு ஆண்டு பாதாளத்துக்கும் போகும் இயல்புடையது. ஆகவே விலை உயரும் ஆண்டுகளில் ஒரு பகுதியைப் பிடித்து வைத்து, விலை வீழும் ஆண்டுகளில் அந்தச் சேமிப்பிலிருந்து விவசாயிக்குக் கொடுத்து அவன் வருமானத்தைச் சமன்படுத்துவது என்பதே வாக்குறுதி. பிடித்து வைப்பது ஒழுங்காக நடந்தது. திருப்பிக் கொடுப்பதற்கான காலம் வருவதற்குள், அந்தப் பணத்துக்கு வேறு உபயோகங்கள் தோன்றிவிட்டன. 1954-ல் உலகச் சந்தையில் ஒரு டன் கோகோவின் விலை 400 பவுனைக் கடந்து ஏறிக்கொண்டிருந்தது. அவ்வாண்டு நிக்ருமாவின் சர்க்கார், 60 ராத்தல் கொண்ட ஒரு சுமைக்கு 72 ஷில்லிங் வீதம், அதாவது டன்னுக்கு ஏறக்குறைய 134 பவுன், என்று விவசாயியின் விலையை நான்கு ஆண்டுகளுக்கு நிர்ணயம் செய்து சட்டம் இயற்றியது. மிகுதியெல்லாம் தேச அபிவிருத்திக்கு என்று அறிவிக்கப்பட்டது. அதே ஆண்டு செப்டம்பரில் அசாந்தி நாட்டின் தலைநகரான குமாசியில் தேசிய விடுதலை இயக்கம் என்ற எதிர்க்கட்சி தோன்றியதற்குக் கோகோ விலையின்மேல் எழுந்த கோபம் ஒரு பிரதான காரணமாக இருந்தது.

நிக்ருமாவின் வாதத்தைப் பலவீனமாக எடுத்துரைத்து மறுப்பது நியாயமாகாது. பள்ளிகள் வேண்டும், மருத்துவமனைகள் வேண்டும், சாலைகளும் துறைமுகமும் ஆலைகளும் வேண்டும். அந்நியரிடம் கடன் வாங்கினால் அடிமைத்தனம் வேறு வாசலில் திரும்ப வரும். உள்நாட்டில் பணம் இருக்கும் இடமோ ஒன்றே ஒன்று, அது கோகோ. எல்லோருக்கும் சொந்தமான தேசத்தைக் கட்ட, கோகோ விளையும் பகுதியார் மட்டும் திடீர் லாபத்தை அனுபவிக்க விடலாமா என்று அவர் கேட்டார். அந்தக் கேள்வியில் நீதியுணர்வு இருந்தது. அவர் ஆட்சியில் 1950-களில் ஆரம்பக் கல்வி பரவிய வேகத்தை நினைத்தால் இன்றும் வியப்புண்டாகிறது. தேமாவில் கட்டிய புதிய துறைமுகம் இன்றும் அந்நாட்டின் வாணிபத்தைச் சுமக்கிறது.

இதே காலத்தில் அந்நாட்டுக்கு ஆலோசனை சொல்ல வந்தவர் ஆர்தர் லூயிஸ். கரீபியன் கடலிலுள்ள செயின்ட் லூசியா தீவில் பிறந்த கறுப்பின அறிஞர். பின்னாளில், 1979-ல், பொருளாதாரத்துக்கான நோபல் பரிசு பெற்றவர். குடியானவத் துறையில் தேவைக்கு மிஞ்சிக் கிடக்கும் உழைப்பாளிகளைக் குறைந்த கூலியில் ஈர்த்துக்கொண்டு நவீனத் தொழில்துறை வளர முடியும் என்று அவர் 1954-ல் எழுதிய கட்டுரை உலகப் புகழ் பெற்றது. நம் நாட்டுப் பொருளாதார வகுப்புகளிலும் அது இன்றளவும் பாடமாக இருக்கிறது. அதற்கு முந்திய ஆண்டு, 1953-ல், பொன் கடற்கரை சர்க்காருக்கு அவர் சமர்ப்பித்த அறிக்கையை நம்மில் மிகச் சிலரே படிக்கிறோம். உணவுப் பயிர் விளைவிக்கும் முறையைச் சீர்திருத்தி அதன் உற்பத்தித் திறனை இடையறாது உயர்த்துவதே முதற்கடமை. பொது வசதிகளைச் செம்மைப்படுத்துவது இரண்டாவது. ஆலைகளை அவசரமாக நிறுவுவது அதற்கெல்லாம் பின்னரே என்று அதில் அவர் தெளிவாகக் கூறினார். குடியானவன் அதிகம் விளைவித்தால்தான் நகரத்துக்கு உணவு கிடைக்கும்; அவன் கையில் பணம் இருந்தால்தான் ஆலைத் துணியை வாங்க ஆள் இருக்கும் என்பது அவருடைய தர்க்கம். விடுதலைக்குப் பின் பிரதம மந்திரியின் ஆலோசகராக அமர்ந்த லூயிஸ், கருத்து வேற்றுமையால் 1958-ன் இறுதியில் விலகிச் சென்றார்.

அவர் சென்றபின் செலவு வேகம் பிடித்தது. வெளிநாட்டு டிராக்டர்களை இறக்கி அரசுப் பண்ணைகள் அமைக்கப்பட்டன. பக்கத்துக் குடியானவன் மண்வெட்டியால் எடுத்த விளைச்சலைக்கூட அவற்றில் பல எட்டவில்லை. மாம்பழத்தைப் பதப்படுத்த ஓர் ஆலை திட்டமிடப்பட்டது. அது வரவிருந்த பகுதியில் காட்டில் சிதறிக் கிடந்த சில மரங்களைத் தவிர மாந்தோப்பே இல்லை. விலை ஏறும் வரையில் கோகோவைச் சேமித்து வைக்கும் உத்தேசத்தோடு தேமாவில் எழுப்பிய மாபெரும் களஞ்சியங்கள் அந்தக் காரியத்துக்கு ஒருநாளும் பயன்படவில்லை. இவற்றைக் கட்டிய பணம் எவருடைய வியர்வை என்பதை நினைக்கும்போது நெஞ்சு பொறுக்கவில்லை.

வோல்டா நதி அணையை இந்தப் பட்டியலில் சேர்க்க நான் ஒப்பவில்லை. அது மகத்தான சாதனை. அதனாலேயே அதைச் சற்று நின்று கவனிக்க வேண்டும். அகோசோம்போ என்ற இடத்தில் 1961-ல் தொடங்கி 1965-ல் முடிந்த அந்த அணைக்குப் பின்னால் தேங்கிய ஏரி, ஏறத்தாழ 8,500 சதுர கிலோமீட்டர் பரப்புடையது. மனிதன் உண்டாக்கிய நீர்த்தேக்கங்களுள் பரப்பளவில் தலையாயது. அதற்காக வீடு வாசல் இழந்தவர்கள் சுமார் 80,000 பேர்; 52 குடியிருப்புகளில் அவர்கள் குடியமர்த்தப்பட்டார்கள். நதியின் கீழ்ப்பகுதியில், நீரில் மூழ்கி மட்டி எடுத்துப் பிழைத்த பெண்களின் தொழில் அணைக்குப் பின் அழிந்தது. ஏரிக்கரை ஊர்களில் நத்தையால் பரவும் பில்ஹார்சியா நோய் பெருகியது. உற்பத்தியான மின்சாரத்தில் பாதிக்கு மேல் தேமாவிலிருந்த, அமெரிக்க நிறுவனங்களுக்குச் சொந்தமான அலுமினிய உருக்காலைக்கே சென்றது. அதற்கு அந்த ஆலை கொடுத்த விலை யூனிட்டுக்குக் கால் சென்டுக்குச் சற்றே மேல். நாட்டிலேயே பாக்சைட் வெட்டியெடுக்கப்பட்டும், ஆலை தனக்கு வேண்டிய அலுமினாவைக் கடல் கடந்தே தருவித்தது. கானாவின் பாக்சைட்டோ கச்சாப் பொருளாகவே கப்பலேறியது. அணை கட்டக் கடன் கிடைக்க வேண்டுமானால் மின்சாரத்தை வாங்கப் பெரிய வாடிக்கைக்காரர் ஒருவர் வேண்டும். அப்படிப்பட்டவர் ஒருவரே இருந்தார். ஆகவே அவர் கேட்ட விலைக்கு இணங்க வேண்டியதாயிற்று. மூலதனமில்லாத நாடு பேரம் பேச உட்காரும்போது அதன் நிலை எத்தகையது என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் எனக்குத் தெரியாது. 1985-ல்தான் அந்த ஒப்பந்தம் மாற்றியமைக்கப்பட்டு மின்கட்டணம் பல மடங்கு உயர்ந்தது.

அணையின் திறப்பு விழா 1966 ஜனவரியில் நடந்தது. அதற்கு முந்திய ஆண்டிலேயே கோகோ விலை டன்னுக்கு 100 பவுனுக்கும் கீழே வீழ்ந்திருந்தது. அந்தப் பருவத்தில் கானாவின் விளைச்சல் மட்டும் 5 லட்சம் டன்னைக் கடந்து, அதுவரை காணாத உச்சத்தைத் தொட்டது. 1950-களில் நல்ல விலையை நம்பி நட்ட கன்றுகளெல்லாம் ஒருசேரக் காய்த்ததே விலை வீழ்ச்சிக்கு ஒரு காரணம். இப்படிப்பட்ட ஆபத்து வேளைக்கென்று பிடித்து வைத்த பணம் எங்கே என்று தேடினால், அது செலவாகிவிட்டிருந்தது. மேலும் கடனும் சேர்ந்திருந்தது. விவசாயிக்குக் கொடுத்த சொற்ப விலையும் குறைக்கப்பட்டது. 1966 பிப்ரவரி 24-ஆம் தேதி, நிக்ருமா ஆசியப் பயணத்தில் இருக்கையில், ராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியது.

ஆட்சி மாறிற்று, கொள்கை மாறவில்லை. அதற்குப் பின் வந்த சர்க்கார்கள், சோஷலிசம் பேசியவையும் அதை வெறுத்தவையும், கோகோவின்மேல் வைத்த கையை எடுக்கவில்லை. அதன் செயல்முறை எளிதில் கண்ணுக்குப் புலப்படாதது. ஆகவே சற்று விளக்குகிறேன். 1978 முதல் ஒரு டாலருக்கு 2.75 சிடி என்று கானா நாணயத்தின் விகிதம் நிலைநிறுத்தப்பட்டது. விலைவாசி ஆண்டுக்காண்டு பன்மடங்கு ஏற, கள்ளச் சந்தையில் ஒரு டாலருக்குப் பல மடங்கு சிடி கிடைத்தது. விவசாயியின் கோகோ டாலருக்கு விற்கப்பட்டது; அவனுக்குக் கிடைத்த சிடியோ அதிகாரபூர்வ விகிதத்தை ஒட்டியது; அவன் வாங்க வேண்டிய அரிவாளும் சோப்பும் மண்ணெண்ணெயும் கள்ளச் சந்தை விலையில்தான் கிடைத்தன. வரி என்ற பெயர் இல்லாமலே, விற்கும்போது ஒருமுறையும் வாங்கும்போது ஒருமுறையுமாக அவன் இருமுறை வரி கொடுத்தான். மலிவு விலை டாலரை இறக்குமதி லைசென்ஸாகப் பெறும் செல்வாக்குடையவர்கள் ஒரே இரவில் செல்வந்தரானார்கள். அந்தக் காலத்துக் கள்ள வாணிபத்துக்கும் கொள்ளை லாபத்துக்கும் ‘கலாபுலே’ என்று மக்கள் பெயர் வைத்தார்கள். விவசாயி என்ன செய்தான்? முடிந்தவன் மூட்டையைத் தலையில் ஏற்றி, மேற்கே ஐவரி கோஸ்டுக்கோ கிழக்கே டோகோவுக்கோ இரவோடு இரவாக எல்லை தாண்டிச் சென்று விற்றான். முடியாதவன் கிழட்டு மரத்தை வெட்டிப் புதுக்கன்று நடுவதை நிறுத்தினான். விளைச்சலின் மிச்சத்தை மட்டும் எடுக்க வேண்டிய சர்க்கார், விதைநெல்லையே குற்றிச் சமைத்துவிட்டது.

1957 ஏப்ரலில் நிக்ருமாவுக்கும் ஐவரி கோஸ்டின் தலைவர் ஊபுவே புவாஞிக்கும் இடையே, பத்தாண்டுகளில் எவர் நாடு முந்துகிறது பார்ப்போம் என்று நடந்த பந்தயம் பிரசித்தமானது. புவாஞி கோகோத் தோட்டக்காரர்; தோட்டக்காரர் சங்கத்தைத் தொடங்கியே அரசியலுக்கு வந்தவர். அவரும் விவசாயியிடமிருந்து எடுத்தார். ஆனால் அவன் மேலும் நடுவதற்குப் போதுமானதை அவனிடம் விட்டுவைத்தார். 1970-களின் பிற்பகுதியில் கோகோவின் முதலிடம் கானாவிடமிருந்து அந்நாட்டுக்குப் போயிற்று. இன்றுவரை அங்கேயே இருக்கிறது. அந்நாடும் பின்னர் 1987-ல் கடனைக் கட்ட முடியாமல் நின்றதும், இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் உள்நாட்டுப் போரில் மூழ்கியதும் உண்மை. உழவனுக்கு நல்ல விலை கொடுத்துவிட்டால் மற்ற கஷ்டங்களெல்லாம் தீர்ந்துவிடும் என்று நான் சொல்லவில்லை. அது கொடுக்கப்படாவிட்டால் மற்றவற்றைத் தீர்ப்பதற்கான சாதனமே இல்லாமற் போகும் என்கிறேன்.

1983-ல் எல்லாத் துன்பமும் ஒன்றுகூடி வந்தது. மழை பொய்த்தது, காட்டுத்தீ கோகோத் தோட்டங்களை எரித்தது, நைஜீரியா வெளியேற்றிய சுமார் 10 லட்சம் கானா மக்கள் வெறுங்கையோடு வீடு திரும்பினார்கள். கோகோ விளைச்சல் 1 லட்சத்து 60 ஆயிரம் டன்னுக்கும் கீழே இறங்கியது. இடதுசாரிக் கோஷங்களோடு ஆட்சிக்கு வந்த ஜெரி ராலிங்ஸ் வேறு வழியின்றிச் சர்வதேச நிதியத்தை நாடி, அதே ஆண்டு பொருளாதார மீட்புத் திட்டத்தைத் தொடங்கினார். ஆண்டு முடிவதற்குள் டாலருக்கு 30 சிடி என்று விகிதம் மாறிற்று. விவசாயியின் விலை உயர்த்தப்பட்டது. விளைச்சலும் படிப்படியாக மீண்டது. அந்த வைத்தியமும் கடுமையானது: ஆயிரக்கணக்கான சர்க்கார் ஊழியர்கள் வேலையிழந்தார்கள், மருத்துவமனையில் ஏழைகள் கட்டணம் செலுத்த வேண்டியதாயிற்று. ஆயினும் 1991-92-ல் ஜனத்தொகையில் பாதிக்கு மேல் இருந்த வறியவர்களின் விகிதம் 2012-13-ல் ஏறக்குறைய நாலில் ஒரு பங்காகக் குறைந்தது. இதைச் சிறிதென்று சொல்ல எவராலும் முடியாது.

உழவனிடமிருந்து எடுக்காமல் எந்த நாடு தொழில்மயமாயிற்று என்று அறிஞர் சிலர் கேட்பார்கள். கேட்கத்தக்க கேள்விதான். மெய்ஜி காலத்து ஜப்பானும் 1873-ல் விதித்த நிலவரியைக் கொண்டே நவீன ராஜ்யத்தைக் கட்டியது. அதன் பாரத்தைத் தாங்காமல் நொந்த குத்தகைக் குடிகள் அங்கே அநேகர். ஆனால் அந்த வரி நிலத்தின் மதிப்பைப் பொறுத்து நிர்ணயிக்கப்பட்டது. ஒருவன் நல்ல விதையிட்டு ஒரு மூட்டை அதிகம் விளைவித்தால், அதற்காக அவன் வரி ஏறவில்லை. கானாவில் எடுக்கப்பட்டதோ ஒவ்வொரு மூட்டையிலிருந்தும். எவன் அதிகம் உழைத்தானோ அவனே அதிகம் இழந்தான். எவ்வளவு எடுக்கிறோம் என்பதோடு எப்படி எடுக்கிறோம் என்பதும் ஒரு தேசத்தின் விதியை நிர்ணயிக்கிறது. நம் திட்ட நிபுணர்கள் இந்த இரண்டாவது விஷயத்தில் காட்டும் சிரத்தை போதாது என்பது என் துணிபு.

இதெல்லாம் முடிந்துபோன பழங்கதை என்று எவரும் எண்ண வேண்டாம். 2020-21 பருவத்தில் 10 லட்சம் டன்னைக் கடந்த கானாவின் கோகோ விளைச்சல், 2023-24-ல் அதில் பாதியளவுக்குச் சுருங்கியது. மரத்தைக் கொல்லும் நச்சுநோயும், தவறிய மழையும், ‘கலம்சே’ எனப்படும் சட்டவிரோதத் தங்கச் சுரங்கங்களுக்குத் தோட்டங்கள் இரையானதும் காரணங்கள். நாடு 2022 டிசம்பரில் வெளிநாட்டுக் கடன்களில் பெரும்பகுதியைக் கட்டுவதை நிறுத்தி, மறு ஆண்டு மீண்டும் சர்வதேச நிதியத்திடம் கடன் பெற்றது. 2024-ல் உலகச் சந்தையில் கோகோ விலை டன்னுக்கு 10,000 டாலரைக் கடந்து சரித்திரத்தில் இல்லாத உயரத்துக்குப் போனபோது, கானா விவசாயிக்கு அதில் சிறு பங்கே கிடைத்தது. விளைச்சல் முன்கூட்டியே பழைய விலைக்கு விற்கப்பட்டிருந்தது. மூட்டைகள் மறுபடியும் இரவில் எல்லை தாண்டின.

இச்சபையில் பொருளாதாரம் பயிலும் மாணவர்கள் பலர் இருக்கிறீர்கள். நாளை உங்களில் சிலர் திட்டக் குழுக்களிலும் வங்கிகளிலும் அமர்ந்து, நம் நாட்டைப் பற்றியோ பிற ஏழை நாடுகளைப் பற்றியோ தீர்மானம் செய்யும் பொறுப்பை ஏற்பீர்கள். எந்தத் திட்ட அறிக்கை உங்கள் கைக்கு வந்தாலும், அணையின் உயரத்தையும் ஆலைகளின் எண்ணிக்கையையும் பார்ப்பதற்கு முன், விளைவிப்பவனுக்கு என்ன விலை, அதை எவர் நிர்ணயிக்கிறார், பிடித்து வைக்கும் பணத்துக்கு எவர் கணக்குக் காட்டுகிறார் என்பதைத் தேடிப் படியுங்கள். அந்தப் பக்கம் அறிக்கையில் இல்லையென்றால், கையெழுத்திடாமல் திருப்பி அனுப்புங்கள் என்று உங்களை மிகுந்த அன்போடு வேண்டிக்கொள்கிறேன்.